லீட்சிக்திஸ் மீன் உண்மையில் எவ்வளவு நீளம்? ஒரே மீனுக்கு மூன்று அளவு எப்படி வந்தது?

பின்னால் வந்து படிப்பவர்களுக்காகக் கேள்வியைச் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். நண்பர் ஒரு காணொளி பார்த்திருக்கிறார். அதில் லீட்சிக்திஸ் என்ற ஜுராசிக் கால மீன் 27 மீட்டர் நீளம், நீலத் திமிங்கலத்துக்குச் சமம் என்று சொல்லியிருக்கிறார்கள். தேடிப்போனால் ஒரு இடத்தில் 16 மீட்டர், இன்னொரு இடத்தில் 9 மீட்டர். "எது சரி, இல்லை எல்லாரும் குத்துமதிப்பாகத்தான் அடித்துவிடுகிறார்களா? அதே படத்தில் லியோப்ளூரோடான் என்ற கடல் ஊர்வன விலங்கு வந்து அதைக் கடித்துப் பிய்க்கிறதே, அதாவது நடந்ததா?" என்று கேட்டிருக்கிறார். எண்ணை மட்டும் கேட்டிருந்தால் ஒரு வரியில் முடித்திருப்பேன். அந்த "அடித்துவிடுகிறார்களா" என்பதில்தான் விஷயம் இருக்கிறது: உடைந்த எலும்பை வைத்துக்கொண்டு ஒரு மீனின் நீளத்தை எப்படிச் சொல்கிறார்கள், அந்தக் கணக்கை எவ்வளவு தூரம் நம்பலாம்?

எண்ணை முதலில் வாங்கிக்கொள்ளுங்கள். 27 மீட்டரை மறந்துவிடலாம். இப்போது ஆதாரத்தோடு நிற்கும் அளவு ஏறக்குறைய 8 முதல் 16.5 மீட்டர் வரை. இதில் 8, 9 மீட்டர் என்பது இளம் வயது மீன், 16.5 என்பது நன்றாக வளர்ந்த பெரிய மீனுக்கான மேல்வரம்பு. மூன்று எண்ணும் யாரோ வாயில் வந்ததைச் சொன்னதால் வந்தவை அல்ல. மூன்றும் கணக்குப் போட்டு வந்தவைதான். ஆனால் எந்த எலும்பை அளந்தார்கள், எந்த உறவுக்கார மீனோடு ஒப்பிட்டார்கள் என்பது ஒவ்வொன்றிலும் வேறு.

என்னைப் பற்றி ஒரு வார்த்தை, எவ்வளவு நம்பலாம் என்று நீங்கள் முடிவு செய்ய. நான் புவியியல் படித்து, மீன் புதைபடிவங்களோடு பல ஆண்டு வேலை செய்தவன். பெரும்பாலும் அரியலூர்ப் பகுதியில் கிடைக்கும் சுறாப் பற்கள், மீன் முள்ளெலும்புகள், அந்த மாதிரிச் சின்னச் சின்னச் சாமான்கள். (லீட்சிக்திஸை அங்கே தேடாதீர்கள். அந்தப் பாறைகள் கிரிட்டேசியஸ் காலத்தவை, இந்த மீனுக்குப் பல கோடி ஆண்டு பிந்தியவை.) லீட்சிக்திஸ் எலும்பைக் கையில் எடுத்து நான் வேலை செய்ததில்லை. கீழே சொல்வது ஆய்வுகளைப் படித்ததும், உடைந்த மீன் எலும்பு எவ்வளவு எளிதாக ஆளை ஏமாற்றும் என்ற அனுபவமும் சேர்ந்தது.

இந்த மீன் இங்கிலாந்தின் பீட்டர்பரோ நகரைச் சுற்றியிருந்த செங்கல் சூளைக் குழிகளிலிருந்து வந்தது. அங்கே தரைக்கடியில் ஆக்ஸ்ஃபோர்டு களிமண் என்ற படிவு இருக்கிறது, ஏறக்குறைய 16.5 கோடி ஆண்டுகளுக்கு முன் ஆழமில்லாத ஒரு கடலின் அடியில் படிந்த சேறு. அதில் மக்காத உயிர்ப்பொருள் நிறைய கலந்திருப்பதால் செங்கல்லைச் சுடும்போது மண்ணே பாதி எரிபொருளாகிவிடும், நிலக்கரிச் செலவு மிச்சம். சூளைக்காரர்கள் அந்த ஊரை மொய்த்ததற்கு அதுதான் காரணம். பக்கத்து ஊரில் ஆல்ஃபிரட் நிக்கல்சன் லீட்ஸ் என்று ஒரு விவசாயி இருந்தார். கூலியாட்கள் மண்வெட்டியால் குழி தோண்டிய காலம் அது, எலும்பு தட்டுப்பட்டால் கண்ணில் படும். லீட்ஸ் அவர்களிடம் சொல்லிவைத்து, காசு கொடுத்து வாங்கி, வீட்டில் வைத்து ஒட்டிச் சேர்த்து, உலகத்தின் மிக நல்ல ஜுராசிக் கடல் உயிரினத் தொகுப்புகளில் ஒன்றை உருவாக்கிவிட்டார். பிற்பாடு அதில் பெரும்பகுதி லண்டன் அருங்காட்சியகத்துக்கும், ஒரு பகுதி கிளாஸ்கோவின் ஹண்டேரியன் அருங்காட்சியகத்துக்கும் போனது. அரியலூரில் சிமெண்ட் ஆலைச் சுரங்கம் வெட்டியதால் கண்ணில் பட்ட புதைபடிவங்கள் எத்தனையோ. இந்தத் துறை எப்போதும் வேறு யாரோ வேறு எதற்கோ தோண்டும் குழியை நம்பித்தான் ஓடுகிறது.

லீட்ஸ் சேர்த்ததில் தட்டையான பெரிய எலும்புகள் சில இருந்தன. ஜான் விட்டேக்கர் ஹல்க் என்ற ஆய்வாளர் 1887-இல் அவற்றைப் பார்த்து, ஸ்டெகோசார் வகை டைனோசரின் முதுகுத் தகடுகளாக இருக்கலாம் என்று எழுதிவிட்டார். சிரிக்க வேண்டாம், அந்த எலும்பின் படத்தைப் பார்த்தால் உங்களுக்கும் அப்படித்தான் தோன்றும். அடுத்த ஆண்டு அமெரிக்காவிலிருந்து ஓத்னியல் மார்ஷ் வந்து பார்த்தார். ஸ்டெகோசாரஸுக்கே பெயர் வைத்தவர் அவர்தான். இது டைனோசர் இல்லை, ஏதோ ஒரு பெரிய மீன் என்று அவர் சொன்ன பிறகு ஆட்டம் மாறியது. 1889-இல் ஆர்தர் ஸ்மித் உட்வர்ட் அதை முறையாக விவரித்து லீட்சிக்திஸ் ப்ராப்ளமாட்டிகஸ் என்று பெயரிட்டார். ஆக, இந்த மீன் அறிமுகமானதே தப்பான அடையாளத்தோடுதான்.

இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறேன். ஒரு மீனின் நீளம் தெரிய வேண்டுமென்றால் நாம் முதலில் தேடுவது முதுகெலும்பு. முள்ளெலும்பு வரிசை முழுசாகக் கிடைத்தால் கதை முடிந்தது, டேப்பை வைத்து அளந்துவிடலாம். பாதி கிடைத்தாலும் சமாளிக்கலாம். லீட்சிக்திஸில் அந்த முதுகெலும்பே எலும்பாக மாறவில்லை. கதிர்த்துடுப்பு மீன்களில் (சாளை, வஞ்சிரம் மாதிரி, துடுப்பில் கதிர்போல் குச்சிகள் உள்ளவை) பேக்கிகார்மிட் என்ற அழிந்துபோன குழுவைச் சேர்ந்தது இது. அந்தக் குழுவிலேயே எலும்பு குறைந்துகொண்டே போகும் போக்கு உண்டு, இந்தப் பெரிய மீனில் அது உச்சத்துக்குப் போய்விட்டது. உடம்பின் பெரும்பகுதி குருத்தெலும்பு, அது மக்கிப் போய்விடும். மிஞ்சுவது மண்டையோட்டின் மெல்லிய தகடுகள், செவுள் எலும்புகள், மார்புத் துடுப்பு, வால். தலையும் வாலும் இருக்கிறது, நடுவில் எதுவுமே இல்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். அதுவும் ஒரே மீனின் தலையும் வாலும் இல்லை, பெரும்பாலும் வேறு வேறு மீன்களுடையவை. மிஞ்சிய எலும்பும் உள்ளே வெற்றிடம் நிறைந்தது, மேலே குவிந்த களிமண்ணின் பாரத்தில் நசுங்கி, எடுக்கும்போதே நொறுங்கும். சுறாவின் முள்ளெலும்பு குருத்துதான் என்றாலும் அதில் சுண்ணாம்பு ஏறியிருக்கும், அதனால் புதைபடிவமாகக் கிடைக்கும். இதில் அந்த வசதியும் கிடையாது.

அப்படியானால் என்ன செய்வது? இருக்கிற ஒரு பாகத்தை அளந்து, முழு உடம்பும் கிடைத்திருக்கும் ஒரு நெருங்கிய உறவுக்கார மீனில் அந்தப் பாகம் மொத்த நீளத்தில் எத்தனை பங்கு என்று பார்த்து, பெருக்கிச் சொல்ல வேண்டியதுதான். லண்டன் அருங்காட்சியகத்தில் இருக்கும் புகழ்பெற்ற வால் 1898-இல் கிடைத்தது. மேல் நுனிக்கும் கீழ் நுனிக்கும் இடையே 2.74 மீட்டர். வால் மட்டும் ஒரு ஆளை விட உயரம். உட்வர்ட் அதை ஹிப்சோகார்மஸ் என்ற உறவுக்கார மீனின் வாலோடு ஒப்பிட்டு, 1905 வாக்கில், மொத்த நீளம் 9 மீட்டர் இருக்கலாம் என்றார். உங்களுடைய மூன்று எண்களில் சின்ன எண் இதுதான். ஹிப்சோகார்மஸ் வேகமாக நீந்தி இரை பிடிக்கும் மீன், அகல விரிந்த பெரிய வால் கொண்டது. மெதுவாக நீந்தும் ராட்சத மீனுக்கு அதே விகிதம் பொருந்துமா என்பது அந்தக் கணக்கிலேயே ஒளிந்திருக்கும் கேள்வி. நீங்களே போட்டுப் பாருங்கள்: வாலின் விரிவு உடல் நீளத்தில் மூன்றில் ஒரு பங்கு என்றால் 8.2 மீட்டர் வரும். நான்கில் ஒன்று என்றால் 11. ஆறில் ஒன்று என்றால் 16.4. எலும்பு அதே எலும்பு, டேப் அதே டேப். விகிதத்தை மாற்றியதும் மீன் இரட்டிப்பாகிவிட்டது. இந்த விகிதங்கள் உதாரணத்துக்கு நான் எடுத்துக்கொண்டவை, யாரும் அளந்தவை அல்ல. ஆனால் கணக்கு எங்கே ஆடும் என்பது புரியும்.

27 மீட்டரும் இதே வழியில் வந்ததுதான். 1986-இல் டேவிட் மார்டில் என்ற ஆய்வாளர் அஸ்தெனோகார்மஸ் என்ற இன்னொரு பேக்கிகார்மிட் மீனோடு லீட்சிக்திஸ் எலும்புகளை ஒப்பிட்டார். ஹிப்சோகார்மஸை விட இது நல்ல தேர்வு என்றுகூடச் சொல்லலாம், வாழ்க்கை முறையில் இன்னும் நெருக்கமானது. ஆனால் அதன் உடல் விகிதங்கள் கொஞ்சம் விசித்திரம், அதனால் எந்த எலும்பை அடிப்படையாக எடுக்கிறோமோ அதைப் பொறுத்து விடை தாறுமாறாக மாறியது. குறைந்தபட்சம் 13.5 மீட்டர். செவுள் கூட்டின் அளவை வைத்துப் பெருக்கினால் 27.6 மீட்டர். இரண்டு எண்ணும் அதே ஆய்விலிருந்து வந்தவை! பத்திரிகைகளும் தொலைக்காட்சியும் எதை எடுத்துக்கொண்டன என்று நான் சொல்ல வேண்டியதில்லை. 13.5 மீட்டர் மீனை வைத்து யார் படம் எடுப்பார்கள்.

செவுள் கூட்டை வைத்துப் பெருக்குவதில் என்ன தப்பு என்று கேட்கலாம். நீரை வடிகட்டி உண்ணும் விலங்குகளில் வடிகட்டும் உறுப்பு உடம்போடு ஒரே சீராக வளராது. உடம்பு பெரிதாகப் பெரிதாக அந்த உறுப்பு இன்னும் வேகமாகப் பெரிதாகும், ஏனென்றால் பசி கன அளவோடு கூடுகிறது, வடிகட்டியோ பரப்பளவு சம்பந்தப்பட்டது. இன்றைய பெரிய திமிங்கலங்களில் தலை மட்டும் உடம்பில் நாலில் ஒரு பங்குக்கும் மேலே இருப்பது இந்தக் காரணத்தால்தான். ஆகவே சின்ன மீனின் செவுள் விகிதத்தை எடுத்துப் பெரிய மீனின் மேல் போட்டால், உடம்பு இல்லாத நீளத்துக்கு இழுபடும்.

27 மீட்டரைச் சோதிக்க இன்னொரு சுலபமான வழி எடை. லீட்சிக்திஸ் மாதிரி பெரிய மீன் உயிர்வாழ ஆக்சிஜன் போதுமா என்று 2018-இல் ஒரு ஆய்வு கணக்கிட்டது. அதில் 16.5 மீட்டர் மீனுக்கு ஏறக்குறைய 45 டன் எடை, நீந்தும் வேகம் மணிக்கு 17.8 கிலோமீட்டர் வரை இருக்கலாம், செவுளால் மூச்சுவிட்டே அந்த அளவில் சமாளிக்க முடியும் என்று முடிவு வந்தது. நீளம் கூடினால் எடை கனத்தில் கூடும். 27.6-ஐ 16.5-ஆல் வகுத்தால் 1.67, அதன் கனம் 4.7 பக்கம். உடல்வாகு மாறாமல் அப்படியே பெரிதாக்கினால் 210 டன் வருகிறது. நன்றாக வளர்ந்த நீலத் திமிங்கலமே 150 டன் பக்கம்தான். திமிங்கலம் மேலே வந்து காற்றை மூச்சாக இழுக்கிறது. காற்றோடு ஒப்பிட்டால் கடல்நீரில் ஆக்சிஜன் மிக மிகக் குறைவு. 210 டன் உடம்பைச் செவுளை மட்டும் நம்பி நடத்த வேண்டும் என்றால் கதை வேறு. அது இயலவே இயலாது என்று நிரூபணம் ஆகிவிட்டதாக நான் சொல்லவில்லை. ஆனால் அவ்வளவு பெரிய விஷயத்தைச் சொல்கிறவர் அதற்கேற்ற எலும்பைக் காட்ட வேண்டும், அப்படி ஒரு எலும்பு இல்லை.

அப்புறம் 16.5 எங்கிருந்து வந்தது? 2001-இல் பீட்டர்பரோவின் ஸ்டார் பிட் என்ற களிமண் குழியில் இரண்டு மாணவர்கள் குழிச்சுவரில் எலும்பு நீட்டிக்கொண்டிருப்பதைப் பார்த்தார்கள். ஜெஃப் லிஸ்டன் என்ற ஆய்வாளர் தலைமையில் 2002-லும் 2003-லும் தோண்டினார்கள். எடுக்க எடுக்க எலும்பு வந்துகொண்டே இருந்ததாம். அங்கே அந்தக் காலத்து அரிஸ்டன் வாஷிங் மெஷின் விளம்பரம் ஒன்றில் "ஓடிக்கொண்டே இருக்கும்" என்கிற பொருளில் ஒரு வரி வரும், அதை வைத்து அந்த மீனுக்கு அரிஸ்டன் என்றே செல்லப்பெயர் வைத்துவிட்டார்கள். களிமண் குழியில் கோடைக்காலத்தில் குந்தி உட்கார்ந்து, நொறுங்கும் எலும்பைப் பசை போட்டுப் பசை போட்டு எடுப்பவர்களுக்கு அந்த மாதிரி நகைச்சுவை இல்லையென்றால் வேலை ஓடாது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட துண்டுகள், ஒரே மீனுடையவை என்று உறுதியாகச் சொல்லக்கூடியவை. ஒரு பாகத்துக்கும் இன்னொரு பாகத்துக்கும் உள்ள விகிதத்தை இந்த மீனிலேயே பார்க்க ஒரு வழி கிடைத்தது, எல்லாவற்றுக்கும் உறவுக்காரரிடம் கடன் வாங்க வேண்டியதில்லை.

அதோடு நிற்கவில்லை. மீன்வளத் துறையில் இருப்பவர்களுக்குத் தெரியும், மீனின் வயதைச் செதிலிலும் காதுக்கல்லிலும் உள்ள வளையங்களை எண்ணிச் சொல்வார்கள். லிஸ்டனும் கூட்டாளிகளும் பழைய தொகுப்புகளில் இருந்த எலும்புகளையும் சேர்த்து மெல்லிய சீவலாக வெட்டி, வளர்ச்சிக் கோடுகளை எண்ணினார்கள். 2013-இல் வெளியான அந்த ஆய்வின்படி, ஏறக்குறைய 20 வயதில் மீன் 8, 9 மீட்டர் நீளம் இருந்திருக்கும், 38 வயதுக்கு 16.5 மீட்டரை எட்டியிருக்கலாம். பழைய 9 மீட்டரும் இதில் ஒரு இடம் பிடித்துக்கொள்கிறது பாருங்கள். எது சரி என்று நீங்கள் கேட்ட எண்களில் இரண்டு வேறு வேறு வயதுக்குப் பொருந்துகின்றன, மூன்றாவதற்கு மட்டும்தான் இடமில்லை.

இதிலும் எது உறுதி, எது இல்லை என்று பிரித்துவிடுகிறேன். இது மிகப் பெரிய கதிர்த்துடுப்பு மீன், பல பத்தாண்டு வாழ்ந்தது என்பது உறுதி. கோடுகள் எலும்பிலேயே இருக்கின்றன. 8 முதல் 9 மீட்டர் என்பதும் எனக்கு நம்பிக்கையான அளவு. 16.5 என்பதில் அந்தப் புள்ளி ஐந்தை நான் பெரிதாக எடுத்துக்கொள்ள மாட்டேன். இன்னும் விகிதக் கணக்குதான் அது, முன்னைவிட நல்ல விகிதம், அவ்வளவுதான். 14 என்றும் 18 என்றும் நாளைக்கு யாராவது காரணத்தோடு சொன்னால் நான் அதிர்ச்சி அடைய மாட்டேன். மண்டையோடு, மார்புத் துடுப்பு, வால் மூன்றும் இடம் மாறாமல் ஒரே படுகையில் கிடக்கும் ஒரு மீன் கிடைத்தால் இந்த விவாதம் பெரும்பாலும் முடிந்துவிடும். அப்படி ஒன்று இன்றுவரை கிடைக்கவில்லை.

இது என்ன சாப்பிட்டது என்று கீழே இன்னொருவர் கேட்டிருக்கிறார், அதையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் எனக்கு இந்த மீனில் மிகவும் பிடித்த பாகம் அதுதான். வாயில் பல் கிடையாது. செவுள் வளைவுகளின் உள்பக்கத்தில் வரிசையாக நீண்ட எலும்புக் குச்சிகள் நிற்கும், ஒவ்வொரு குச்சியிலும் மேற்கொண்டு நுண்ணிய முட்கள். நீங்கள் வீட்டில் சாளை மீன் கழுவும்போது செவுளைப் பிய்த்து எறிவதற்கு முன் ஒரு தடவை விரித்துப் பாருங்கள், சிவப்பு இழைகளுக்கு எதிர்ப்பக்கம் வெள்ளையாக நெருக்கமான ஒரு சீப்பு இருக்கும். வாயைத் திறந்தபடி நீந்தும்போது உள்ளே வரும் நீர் செவுள் வழியாக வெளியே போகும், மிதவை உயிரிகள் அந்தச் சீப்பில் நின்றுவிடும். லீட்சிக்திஸ் செய்தது அதே வேலைதான். செவுளின் அமைப்பு இவ்வளவு தெளிவாக இருப்பதால், இது நீரை வடிகட்டி உண்டது என்பதில் சண்டை போடுபவர் யாரும் இல்லை. ஆனால் உண்டது சின்னஞ்சிறு இறாலா, மீன் குஞ்சா, கூனியா என்பது தெரியாது. வயிற்றுக்குள் உணவோடு கிடைத்த மாதிரி எதுவும் இல்லாததால், உணவுப் பட்டியலைச் சொல்லும் காணொளிகளை ஓவியமாக எடுத்துக்கொள்ளுங்கள். கூட்டமாகத் திரிந்ததா, முட்டை எங்கே போட்டது, குஞ்சுகள் எங்கே வளர்ந்தன என்பதெல்லாமும் அப்படித்தான்.

இங்கிலாந்தில் மட்டும் கிடைப்பதல்ல. பிரான்சின் நார்மண்டி, வட ஜெர்மனி, தென் அமெரிக்காவில் சிலியின் அட்டகாமா பாலைவனம் வரை எலும்புகள் கிடைத்திருக்கின்றன. சிலியில் கிடைத்ததை 1999-இல் தனி இனமாகப் பெயரிட்டார்கள். அதைத் தனியாகப் பிரிக்கும் அளவுக்கு எலும்பில் வித்தியாசம் இல்லை என்று பிறகு மறுப்பு வந்தது, எனக்கும் மறுப்புதான் நியாயமாகப் படுகிறது.

"உலகத்திலேயே பெரிய மீன்" என்று சொல்லலாமா? சொல்லும்போது ஒரு அடைமொழி தேவை. இன்று உயிரோடிருக்கும் மீன்களில் பெரியது நம் கடல் பக்கமும் வரும் திமிங்கலச் சுறா. 18 மீட்டர் வரை பதிவுகள் உண்டு, அதாவது லீட்சிக்திஸுக்குக் குறைந்ததில்லை. ஆனால் சுறா குருத்தெலும்பு மீன். சாளை, வஞ்சிரம், கெளுத்தி, விரால் என்று நாம் சாப்பிடும் பெரும்பாலானவை கதிர்த்துடுப்பு மீன்கள், லீட்சிக்திஸும் அந்தக் கட்சி. அந்தக் கட்சியில் இன்றைக்கு எடையில் முதலிடம் சூரியமீன் என்ற வட்டமான கடல்மீனுக்கு. 2021-இல் அசோர்ஸ் தீவுப் பக்கம் இறந்து மிதந்த ஒன்று 2,744 கிலோ இருந்தது. மூன்று டன் கூட இல்லை. 9 மீட்டர் லீட்சிக்திஸே, அந்த 45 டன் கணக்கைக் கனத்தில் குறைத்தால், ஏழு டன்னுக்கு மேலே வரும். கதிர்த்துடுப்பு மீன்களில் இதுவரை அறிந்ததில் மிகப் பெரியது என்று தைரியமாகச் சொல்லலாம். அதற்கு 27 மீட்டர் தேவையே இல்லை.

இந்த மீனைப் பற்றி ரொம்ப நாள் ஒரு தப்பான எண்ணம் இருந்தது: ஏதோ ஜுராசிக்கில் ஒரு தடவை முளைத்து மறைந்துபோன விபரீதம் என்று. 2010-இல் மேட் ஃப்ரீட்மன் என்ற ஆய்வாளரும் கூட்டாளிகளும் அதை உடைத்தார்கள். அமெரிக்காவின் கான்சாஸ் பாறைகளிலிருந்து 19-ஆம் நூற்றாண்டிலேயே எடுத்து, வாள்போல் மூக்கு நீண்ட ஒரு வேட்டை மீனுடையது என்று பெயர்ச்சீட்டு ஒட்டி அலமாரியில் வைத்திருந்த எலும்புகளை மறுபடி பார்த்தால், அவற்றில் சில பல்லில்லாத, வடிகட்டி உண்ணும் ஒரு பெரிய பேக்கிகார்மிட்டுடையவை. அதற்கு பானரிக்திஸ் என்று பெயர் வைத்தார்கள். இங்கிலாந்துச் சுண்ணாம்புப் பாறையிலிருந்து ரிங்கோனிக்திஸ் என்று இன்னொன்று. அதன் உறவுகள் பிறகு ஜப்பானிலும் கொலராடோவிலும் அடையாளம் காணப்பட்டன. ஆக மொத்தம் இந்தக் குடும்பம் ஜுராசிக்கிலிருந்து கிரிட்டேசியஸ் முடிவு வரை, 10 கோடி ஆண்டு, கடலில் இந்த வேலையைச் செய்துகொண்டிருந்திருக்கிறது. ஸ்டெகோசார் தகடு என்று ஆரம்பித்த கதை ஞாபகம் இருக்கட்டும். எலும்பு தட்டையாக, விளிம்பு உடைந்து, அடையாளம் சொல்லும் பல் இல்லாமல் இருந்தால் அது எந்தப் பெட்டிக்கும் போய்ச் சேரும். 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் டைனோசர்களோடு இந்த மீன்களும் போயின. திமிங்கலச் சுறா, ஆனைத்திருக்கை, பலீன் திமிங்கலம் (பல்லுக்குப் பதில் சல்லடைத் தகடுகள் உள்ள திமிங்கலம்) போன்றவை அந்த வேலைக்கு வந்தது அதற்குப் பிறகு. இடம் காலியானதால்தான் வந்தார்களா என்பது கவர்ச்சியான கருத்து, நேரப்பொருத்தமும் இருக்கிறது. ஆனால் இந்த மீன்கள் மறைந்ததற்கும் அவை வந்ததற்கும் நடுவே கோடி ஆண்டு இடைவெளிகள் கிடக்கின்றன என்பதால் காரணகாரியம் என்று நான் எழுதிக் கையெழுத்துப் போட மாட்டேன்.

கடைசியாக லியோப்ளூரோடான். இரண்டும் ஒரே கடலில், ஒரே காலத்தில் வாழ்ந்தவை, எலும்புகள் ஒரே களிமண்ணில் கிடைக்கின்றன. அதுவரை சரி. படங்களில் லியோப்ளூரோடானையும் 20 மீட்டருக்கு மேலே ஊதிக் காட்டுவார்கள். நிஜத்தில் அது 6, 7 மீட்டர் அளவுக்கான விலங்கு. முழு வளர்ச்சியடைந்த லீட்சிக்திஸ் அதைப்போல இரண்டு மடங்குக்கு மேல் நீளம், நல்ல உடல்நலத்தில் இருந்தால் நேரடியாகத் தாக்கிக் கொல்வது சுலபமில்லை. இளம் மீன், நோய்ப்பட்ட மீன், செத்து மிதக்கும் உடல் என்றால் வேறு. இந்த மீனைக் கடித்தவர்கள் இருந்தார்கள் என்பதற்கு நேரடித் தடயம் ஒன்று உண்டு, ஆனால் அது லியோப்ளூரோடானுடையது அல்ல: மெட்ரியோரிங்கஸ் என்ற கடல்முதலையின் பல் லீட்சிக்திஸ் எலும்பில் பதிந்திருந்ததை மார்டில் பதிவு செய்திருக்கிறார். அந்த எலும்பு பிறகு ஆறியிருந்ததாக அவர் சொல்கிறார், அப்படியென்றால் கடிபட்டபோது மீன் உயிரோடுதான் இருந்திருக்கிறது. முதலை மூன்று மீட்டர் பக்கம், மீன் அதைப்போலப் பல மடங்கு.

பின்குறிப்பாக, யாராவது இங்கிலாந்து போனால்: வால் லண்டன் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தின் சேகரிப்பில் இருக்கிறது, எல்லா நேரமும் பார்வைக்கு வைத்திருக்கிறார்களா என்று கேட்டுவிட்டுப் போங்கள். கிளாஸ்கோ பக்கம் போகிறவர்கள் ஹண்டேரியனில் விசாரிக்கலாம்.